சிங்கத்தின் கணக்குப் புத்தகம்

மலர்க் குழுவிலிருந்து போன் வந்தது. "சார், போன சந்திப்பு மலர்ல வருமான வரி பத்தி எழுதினீங்க. உண்மையைச் சொல்லணும்னா யாரும் படிக்கல. இந்தத் தடவை வேற ஏதாவது எழுதிக் கொடுங்க" என்று உள்ளதை உள்ளபடி சொல்லிவிட்டார் செயலாளர். நாற்பது வருஷம் ஆடிட்டராக இருந்தவனுக்கு 'வேற ஏதாவது' என்று என்ன தெரியும்? ஒன்றே ஒன்றுதான் தெரியும்: பழைய ஹாலிவுட் படம். அதையும் கணக்குப் புத்தகத்தின் வழியாகத்தான் தெரியும். பொறுத்துக்கொள்ளுங்கள்.

1971–74 பி.காம். செட்காரர்களுக்கு நினைவிருக்கும். நம் கல்லூரி பிலிம் கிளப்பில் 1973இல் ஒருநாள் இரவு, திறந்தவெளியில், 16 எம்.எம். பிரிண்டில் 'சிங்கிங் இன் தி ரெயின்' போட்டார்கள். முதலில் வட்டத்துக்குள் இருந்து சிங்கம் கர்ஜித்தது. பின்வரிசையில் இருந்து நம் பையன்களும் பதிலுக்குக் கர்ஜித்தார்கள். பாதிப் படத்தில் புரொஜெக்டர் பெல்ட் அறுந்தது. சைக்கிள் டியூபை வெட்டிக் கட்டி ஓட்டினோம். மறுநாள் வகுப்பில் எங்கள் வணிகவியல் பேராசிரியர் என்னை எழுப்பி நிறுத்தினார்.

"நேத்து படம் பாத்தியாப்பா?"

"பாத்தேன் சார்."

"எவ்வளவு செலவு, எவ்வளவு வரவு?"

"தெரியாது சார்."

"பி.காம். படிக்கிறவன் அதைக் கேக்காம எப்படிப்பா படம் பாத்த?"

வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன். ஆனால் கேள்வி மனசில் தங்கிவிட்டது.

மெட்ரோ-கோல்ட்வின்-மேயர் என்கிற எம்.ஜி.எம். (எம்.ஜி.ஆர். இல்லை ஐயா, எம்.ஜி.எம்.!) 1924இல் மூன்று கம்பெனிகளை ஒன்றாக்கிப் பிறந்தது. அமெரிக்காவில் பெரிய தியேட்டர் வரிசைக்குச் சொந்தக்காரரான மார்கஸ் லோ, தன் தியேட்டர்களுக்குப் படம் வேண்டும் என்பதற்காகச் செய்த ஏற்பாடு அது. இதை முதலில் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். படம் எடுத்தவர்கள் பிறகு தியேட்டர் வாங்கவில்லை. தியேட்டர் வைத்திருந்தவர்கள் சரக்குக்காக ஸ்டுடியோ வைத்தார்கள். லகான் நியூயார்க்கில் இருந்தது. கலிபோர்னியாவில் கல்வர் சிட்டி என்ற இடத்தில் இருந்த ஸ்டுடியோவை லூயி பி. மேயர் நடத்தினார். பழைய இரும்பு வியாபாரக் குடும்பத்துப் பிள்ளை. 1930களின் பிற்பகுதியில் அமெரிக்காவிலேயே அதிகச் சம்பளம் வாங்கிய மனிதர்.

அந்த ஸ்டுடியோவின் ஜெனரல் மானேஜர் எடி மேனிக்ஸ். நியூஜெர்சியில் ஒரு பொழுதுபோக்குப் பூங்காவில் தகராறு செய்பவர்களைத் தூக்கி வெளியே போடும் வேலையில் தொடங்கி மேலே வந்தவர். அவரைப் பற்றி நல்லதும் பொல்லாததுமாக ஆயிரம் கதை உண்டு. எனக்கு அவர் முக்கியமானது ஒரே காரணத்துக்காக: அவர் ஒரு பேரேடு வைத்திருந்தார். 1924 முதல் 1960களின் தொடக்கம் வரை எம்.ஜி.எம். எடுத்த ஒவ்வொரு படத்துக்கும் தயாரிப்புச் செலவு, உள்நாட்டு வசூல், வெளிநாட்டு வசூல், கடைசியாக லாபம் அல்லது நஷ்டம். அந்தப் பேரேடு இன்று ஆஸ்கார் அகாடமியின் நூலகத்தில் இருக்கிறது. அதிலுள்ள எண்களை ஆய்வாளர்கள் எடுத்துப் புத்தகங்களில் போட்டிருக்கிறார்கள். நடிகர்களின் சுயசரிதைகளைவிட எனக்கு இந்த எண்கள்தான் சுவாரசியம். சுயசரிதையில் எல்லாரும் நல்லவர்கள். பேரேட்டில் அப்படியில்லை.

முதலில், இது ஒரு தொழிற்சாலை என்பதைப் புரிந்துகொள்ள வேண்டும். 1930களில் ஆண்டுக்கு நாற்பது, ஐம்பது படங்கள். ஏறத்தாழ வாரம் ஒன்று! நடிகர், டைரக்டர், எழுத்தாளர், தையல்காரர், தச்சர் எல்லாரும் மாதச் சம்பளக்காரர்கள். பெரும்பாலான நடிகர்களுக்கு ஏழாண்டு ஒப்பந்தம். கொடுத்த வேடத்தை மறுத்தால் சஸ்பெண்ட், சம்பளம் கிடையாது. ஸ்டுடியோவுக்குள்ளேயே குழந்தை நட்சத்திரங்களுக்குப் பள்ளிக்கூடம் இருந்தது. காண்டீனில் மேயர் வீட்டுப் பக்குவத்தில் கோழி சூப். 'வானத்தில் இருப்பதைவிட அதிக நட்சத்திரங்கள்' என்று விளம்பரம் வேறு. கலை இலாகா தலைவர் செட்ரிக் கிப்பன்ஸின் ஒப்பந்தப்படி, அவர் கை வைத்தாலும் வைக்காவிட்டாலும் ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் அவர் பெயர் வந்தது. ஆஸ்கார் சிலையை வடிவமைத்தவரும் அவரே. பின்னாளில் அந்தச் சிலையைப் பதினொரு தடவை தானே வாங்கிக்கொண்டார். நல்ல ஏற்பாடு!

நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் கதை கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த ஏற்பாடு ஒன்றும் புதிதாகத் தெரியாது. கேட்டுக்குள் போனால் எல்லாம் உள்ளேயே கிடைக்கும், எல்லாரும் நேரத்துக்கு வரவேண்டும்.

தொழிற்சாலையின் சாமர்த்தியத்துக்கு ஓர் உதாரணம். டார்ஜான் படங்களை 1932 முதல் 1942 வரை எம்.ஜி.எம். எடுத்தது. கதை ஆப்பிரிக்காவில். கிடைத்த பழக்கிய யானைகளோ நம்மூர் ஆசிய யானைகள். என்ன செய்தார்கள் தெரியுமா? பெரிய பொய்க் காதும் பொய்த் தந்தமும் மாட்டி ஆப்பிரிக்க யானையாக்கிவிட்டார்கள். சின்ன வயசில் பார்த்தபோது எனக்குத் தெரியவில்லை. முதுமலையில் யானை பார்த்த பிறகு, டி.வி.யில் மறுபடி பார்த்தபோது பிடிபட்டது.

லாபம் எங்கிருந்து வந்தது? பெரிய படங்களிலிருந்து மட்டும் என்று நினைத்தால் தப்பு. 'ஆண்டி ஹார்டி' என்று ஒரு குடும்பத் தொடர், மிக்கி ரூனி நடித்தது. 1937 முதல் 1946 வரை பதினைந்து படங்கள் வந்தன. இவற்றில் 'லவ் ஃபைண்ட்ஸ் ஆண்டி ஹார்டி' (1938) பேரேட்டின்படி சுமார் 2 லட்சம் டாலரில் எடுத்து 13 லட்சத்துக்கு மேல் லாபம் தந்தது. சினிமா வரலாற்றுப் புத்தகங்களில் இதற்கு ஒரு வரி ஒதுக்கினால் அதிகம். ஆனால் 'ஆண்டி ஹார்டி' போட்ட சோறுதான் மற்ற படங்களை வளர்த்தது.

இப்போது அதற்கு அடுத்த வருஷத்துப் படம் ஒன்று: 'தி விசர்ட் ஆஃப் ஆஸ்' (1939). செலவு சுமார் 27.7 லட்சம் டாலர். முதல் வெளியீட்டில் தியேட்டர்காரர் பங்கு போக வந்தது சுமார் 30 லட்சம். அப்பாடா, தப்பித்தது என்று நினைக்காதீர்கள். பிரிண்ட், விளம்பரம், விநியோகச் செலவு எல்லாம் கழித்தால் 11 லட்சத்துக்கு மேல் நஷ்டம்! 1949இல் மறுவெளியீடு செய்த பிறகுதான் படம் லாபத்துக்கு வந்தது. 1956 நவம்பரில் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் முதன்முதலாக ஒளிபரப்பானது. பிறகு அது அமெரிக்கக் குடும்பங்களுக்கு வருஷா வருஷம் வரும் பண்டிகை மாதிரி ஆகிவிட்டது. உலகத்தில் மிக அதிகம் பேர் பார்த்த படங்களில் ஒன்று, மேனிக்ஸ் பேரேட்டில் சிவப்பு மையில் தொடங்கியிருக்கிறது.

அந்தப் படத்தின் நாயகி ஜூடி கார்லண்ட். பதின்மூன்று வயதில், 1935இல், ஒப்பந்தத்தில் கையெழுத்து. 'ஆஸ்' எடுத்தபோது பதினாறு. ஒரே சமயத்தில் ஆண்டி ஹார்டியிலும் நடி, இசைப் படத்திலும் பாடு, எடையும் ஏறக்கூடாது. விழித்திருக்க ஒரு மாத்திரை, தூங்க ஒரு மாத்திரை ஸ்டுடியோவிலேயே கொடுத்தார்கள் என்று அவரே பின்னால் சொன்னார். 'மீட் மீ இன் செயின்ட் லூயிஸ்' (1944) சுமார் 19 லட்சத்தில் எடுத்து 23 லட்சத்துக்கு மேல் லாபம் தந்த படம். அவருடைய குரல்தான் அதில் முதலீடு. ஆனால் உடம்பும் மனசும் தேய்ந்துகொண்டே வந்தன. 1949இல் 'ஆனி கெட் யுவர் கன்' படத்திலிருந்து நீக்கினார்கள். 1950இல் இன்னொரு படத்திலிருந்தும் நீக்கி, அந்த செப்டம்பரில் ஒப்பந்தத்தையே முடித்துக்கொண்டார்கள். வயது 28.

எங்கள் தொழிலில் இயந்திரத்துக்குத் தேய்மானம் எழுதுவோம். மனுஷிக்கு எழுத ஏட்டில் பத்தி கிடையாது. அது அமெரிக்கப் பேரேட்டில் மட்டும் உள்ள குறை இல்லை.

யுத்த காலத்துக்கு வருகிறேன். 1942இல் 'மிஸஸ் மினிவர்': குண்டு விழும் இங்கிலாந்தில் ஒரு நடுத்தரக் குடும்பத்துத் தாயின் கதை. ஆறு ஆஸ்கார், சுமார் 48 லட்சம் டாலர் லாபம். அதே ஆண்டு அதே கிரீர் கார்சன் நடித்த 'ரேண்டம் ஹார்வெஸ்ட்' சுமார் 44 லட்சம் லாபம். முதல் யுத்தத்தில் நினைவிழந்த சிப்பாய் ஒருவன் ஒருத்தியை மணக்கிறான். பிறகு ஒரு விபத்தில் பழைய நினைவு வந்து, அவளை மறந்துபோகிறான். கதை எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதா? 1956இல் சிவாஜி, சாவித்திரி, பத்மினி நடித்து, ஸ்ரீதர் எழுதிய நம் 'அமரதீபம்' இதைத் தழுவியதுதான். அதுவும் நல்லாவே ஓடியது.

படத்தை மட்டுமல்ல, தியேட்டரையும் இந்தியாவுக்குக் கொண்டுவந்தார்கள். கல்கத்தாவில் 1935இலும் பம்பாயில் 1938இலும் திறக்கப்பட்ட மெட்ரோ தியேட்டர்கள் எம்.ஜி.எம். கட்டியவை. சொந்தச் சரக்கைச் சொந்தக் கடையில் விற்கும் அதே அமெரிக்கப் புத்தி, சின்ன அளவில்.

அந்தப் புத்திக்குத்தான் அடி விழுந்தது. 1948 மே மாதம் அமெரிக்க உச்சநீதிமன்றம் பாரமவுண்ட் வழக்கில் தீர்ப்பு சொன்னது. படம் எடுப்பவனே தியேட்டரும் வைத்துக்கொண்டு போட்டியை நசுக்கக்கூடாது. ஒரு நல்ல படம் வேண்டுமானால் பத்து மட்டப் படங்களையும் சேர்த்து வாங்கு என்று தியேட்டர்காரரைக் கட்டாயப்படுத்தக்கூடாது. வழக்கில் லோ கம்பெனியும் ஒரு பிரதிவாதி. மற்ற ஸ்டுடியோக்கள் ஒவ்வொன்றாகப் பிரிந்தன. எம்.ஜி.எம். தான் கடைசி, இழுத்துப் பிடித்து 1959 வரை கொண்டுவந்தது. அதற்குள் வீட்டுக்கு வீடு டி.வி. 1946இல் உச்சத்தில் இருந்த தியேட்டர் கூட்டம் ஆண்டுக்காண்டு சரிந்தது.

ஆச்சரியம் என்னவென்றால், எம்.ஜி.எம்.மின் மிகச் சிறந்த படங்கள் பல இந்தச் சரிவு காலத்தில்தான் வந்தன. ஆர்தர் ஃப்ரீட் என்ற பாடலாசிரியர் தயாரிப்பாளராகி, ஸ்டுடியோவுக்குள் ஒரு தனிக் குடும்பமே நடத்தினார். இசைக்கு ரோஜர் ஈடன்ஸ், வாத்திய அமைப்புக்கு கான்ராட் சாலிஞ்சர், டைரக்ஷனுக்கு வின்சென்ட் மினெல்லி, நடனத்துக்கு ஜீன் கெல்லி, இளைஞர் ஸ்டான்லி டோனன். 'ஆன் தி டவுன்' (1949), 'ஆன் அமெரிக்கன் இன் பாரிஸ்' (1951), 'சிங்கிங் இன் தி ரெயின்' (1952), 'தி பேண்ட் வேகன்' (1953), 'ஜிஜி' (1958). சம்பளப் பட்டியலில் ஆர்கெஸ்ட்ரா நிரந்தரமாக இருந்ததால்தான் இது முடிந்தது. ஒரு தனித் தயாரிப்பாளர் இத்தனை பேரைக் கூட்டி, மாதக்கணக்கில் ஒத்திகை பார்க்க வைத்திருக்க முடியுமா? தொழிற்சாலை ஏற்பாட்டைத் திட்டுகிறவர்கள் இந்தப் பக்கத்தையும் பார்க்க வேண்டும். ஜூடி கார்லண்டைத் தேய்த்ததும் இந்த ஏற்பாடுதான், அவர் பாட்டுக்கு சாலிஞ்சரை வாத்தியம் அமைக்க வைத்ததும் இதே ஏற்பாடுதான். இரண்டையும் பிரித்து எழுத எனக்குத் தெரியவில்லை.

'சிங்கிங் இன் தி ரெயின்' எப்படிப் பிறந்தது? ஃப்ரீட் பழைய நாளில் எழுதிய பாட்டுகள் ஸ்டுடியோ அலமாரியில் கிடந்தன. இவற்றை வைத்து ஒரு கதை பண்ணுங்கள் என்று பெட்டி காம்டன், அடால்ஃப் கிரீன் இருவரையும் கேட்டார்கள். எழுத்தாளர்களுக்கு ஒரே யோசனைதான் வந்தது: பாட்டுகள் பேசும்படம் வந்த காலத்துப் பாட்டுகள், எனவே கதையும் பேசும்படம் வந்த கதையாகவே இருக்கட்டும். சொல்லப்போனால் மிச்சச் சரக்கைத் தீர்க்கும் படம்! கெல்லி மழையில் ஆடியபோது அவருக்கு 103 டிகிரி காய்ச்சல். மழை கேமராவில் தெரிய வேண்டும் என்று தண்ணீரில் பால் கலந்தார்கள் என்று ஒரு கதை உலவுகிறது, அது கதைதான். பின்னாலிருந்து விளக்கு வைத்ததால் துளிகள் தெரிந்தன.

பின்னணிப் பாடல் ரசிகர்களான நமக்கு இன்னொரு வேடிக்கை. கதைப்படி, கரகர குரல் நடிகைக்கு டெபி ரெனால்ட்ஸின் பாத்திரம் குரல் கொடுக்கிறாள். உண்மையில் அந்தப் பேச்சுக் காட்சியில் கேட்பது கரகர நடிகையாக நடித்த ஜீன் ஹேகனின் சொந்த நல்ல குரல். 'வுட் யூ' பாட்டில் டெபிக்குப் பாடியது பெட்டி நாய்ஸ் என்ற பாடகி. டப்பிங் மோசடியைக் கிண்டல் செய்யும் படத்துக்குள்ளேயே டப்பிங்!

பேராசிரியர் கேட்ட கணக்குக்கு வருகிறேன். செலவு சுமார் 25.4 லட்சம் டாலர். வசூல் உள்நாடும் வெளிநாடும் சேர்த்து 56 லட்சம் போல. லாபம் சுமார் 6.66 லட்சம். பரவாயில்லை, அவ்வளவுதான். ஆஸ்கார் ஒன்றுகூட இல்லை. முந்தைய வருஷத்து 'பாரிஸ்' ஆறு ஆஸ்காரும் இரண்டு மடங்கு லாபமும் பெற்றது. ஆனால் 2022இல் பிரிட்டனின் 'சைட் அண்ட் சவுண்ட்' பத்திரிகை உலக விமர்சகர்களிடம் எடுத்த வாக்கெடுப்பில் பத்தாவது இடத்தில் நின்றது 'சிங்கிங் இன் தி ரெயின்'.

ஸ்டுடியோ பெரியவர்களுக்கு எது நிற்கும், எது விழும் என்று தெரியவே தெரியாது என்பதற்கு 1954 ஒரு பாடம். ஒரே சமயத்தில் இரண்டு இசைப் படங்கள். 'பிரிகடூன்' கௌரவமான படம், மினெல்லி டைரக்ஷன், கெல்லி நடனம். 'செவன் பிரைட்ஸ் ஃபார் செவன் பிரதர்ஸ்' பெரிய நட்சத்திரம் இல்லாத படம். இரண்டாவதன் பட்ஜெட்டை வெட்டி முதலாவதற்குக் கொடுத்தார்கள். வெளியே போய் மலையில் எடுக்கிறேன் என்று டோனன் கேட்டார். முடியாது, திரையில் வரைந்த மலை போதும் என்றார்கள். ரிசல்ட்? 'பிரிகடூன்' சுமார் 15 லட்சம் டாலர் நஷ்டம். 'செவன் பிரைட்ஸ்' சுமார் 32 லட்சம் லாபம். மைக்கேல் கிட் அமைத்த அந்தக் களஞ்சியம் கட்டும் நடனத்தை, வரைந்த மலைக்கு முன்னால்தான் ஆடினார்கள். இன்று பார்த்தாலும் விசில் அடிக்கத் தோன்றும்.

மேலே நடந்த நாற்காலிச் சண்டையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1948இல் டோரி ஷாரி என்ற எழுத்தாளரைத் தயாரிப்புத் தலைவராகக் கொண்டுவந்தார்கள். அவருக்குக் கருத்துள்ள படம் வேண்டும், மேயருக்குக் குடும்பப் படம் வேண்டும். ஜான் ஹூஸ்டன் எடுத்த 'தி ரெட் பேட்ஜ் ஆஃப் கரேஜ்' (1951) என்ற உள்நாட்டு யுத்தப் படத்தில் இருவரும் மோதினார்கள். மேயர் தோற்றார். 1951இல், தன் பெயர் ஒட்டியிருந்த ஸ்டுடியோவைவிட்டே வெளியேறினார். ஆனால் படமும் தோற்றது. முன்னோட்டக் காட்சியில் ஜனங்கள் சிரித்ததால் வெட்டி வெட்டி 69 நிமிஷம் ஆக்கி, சுமார் 10 லட்சம் நஷ்டம். ஷாரிக்கு 'பிளாக்போர்டு ஜங்கிள்' (1955) போல 40 லட்சத்துக்கு மேல் லாபம் தந்த வெற்றிகளும் உண்டு. ஆனாலும் 1956இல் அவருக்கும் சீட்டுக் கிழிந்தது. 1957 கம்பெனியின் முதல் நஷ்ட ஆண்டு. அந்த அக்டோபரில் மேயர் இறந்தார்.

அதே 1957இல் கார்ட்டூன் இலாகாவை மூடினார்கள். வில்லியம் ஹானா, ஜோசப் பார்பரா இருவரும் 1940 முதல் 'டாம் அண்ட் ஜெரி' செய்துவந்த இடம். ஏழு ஆஸ்கார் வாங்கிய பூனையும் எலியும்! பழைய கார்ட்டூன்களையே மறுபடி வெளியிட்டால் புதியதற்குக் கிடைக்கும் பணத்தில் பெரும்பகுதி வந்துவிடுகிறது, பிறகு எதற்குப் புதிது என்று கணக்கு போட்டார்கள். ஓர் ஆடிட்டராகச் சொல்கிறேன், அந்தக் கூட்டலில் தப்பே இல்லை. ஆனால் ஹானாவும் பார்பராவும் சொந்தக் கம்பெனி வைத்து டி.வி.க்குப் போய் 'பிளிண்ட்ஸ்டோன்ஸ்' வரை வளர்ந்தார்கள். எம்.ஜி.எம். 1961இல் டாமையும் ஜெரியையும் வரைய செக்கோஸ்லோவாகியாவில் பிராக் நகரத்தில் ஆள் தேட வேண்டி வந்தது.

சாகக் கிடந்த சிங்கத்துக்கு உயிர் கொடுத்தது 'பென்-ஹர்' (1959). வில்லியம் வைலர் டைரக்ஷன், ரோமில் படப்பிடிப்பு, ரதப் போட்டிக்கு மட்டும் 18 ஏக்கரில் களம். சுமார் 1.5 கோடி டாலர் செலவு. தயாரிப்பாளர் சாம் ஜிம்பலிஸ்ட் படப்பிடிப்பு நடக்கும்போதே ரோமில் இறந்துபோனார். பதினொரு ஆஸ்கார். கவனித்தீர்களா, இந்தப் படத்தில் சிங்கம் கர்ஜிக்காது. இயேசு பிறப்புக் காட்சிக்கு முன்னால் உறுமல் வேண்டாம் என்று வைலர் நினைத்தார். சிங்கம் சும்மா வாயை மூடிக்கொண்டிருக்கும். ஆனால் ஸ்டுடியோ கற்ற பாடம் தப்பு. எல்லாவற்றையும் ஒரே குதிரையில் கட்டினால் போதும் என்று நினைத்து 'மியூட்டினி ஆன் தி பவுண்டி'யில் (1962) போட்டது. மார்லன் பிராண்டோ இருந்தும் கப்பல் மூழ்கியது.

1990களின் நடுவில் இந்த எண்களில் சிலவற்றை ஒரு புத்தகத்தில் கண்டதும், ஓய்வு பெற்றுவிட்ட நம் பேராசிரியருக்கு ஒரு கடிதம் போட்டேன். "சார், இருபது வருஷம் கழித்து ஹோம்வொர்க் சமர்ப்பிக்கிறேன். செலவு இவ்வளவு, வரவு இவ்வளவு, லாபம் 6,66,000 டாலர்." ஒரு வாரத்தில் போஸ்ட் கார்டு வந்தது. நுணுக்கி எழுதிய ஒரே வரி: "லாபம் சரி. இறுதிச் சரக்கிருப்பு எங்கே காட்டினான்?"

அதானே! மேனிக்ஸ் பேரேட்டில் அந்தப் பத்தி இல்லை. ஒரு படம் ஓடி முடிந்தால் ஒன்றிரண்டு வருஷத்தில் அதன் ஏட்டு மதிப்பை ஏறத்தாழ பூஜ்யமாக்கிவிடுவது அக்கால ஸ்டுடியோ வழக்கம். டி.வி. வந்த பிறகுதான் அலமாரியில் இருப்பது சரக்கு என்று புரிந்தது. 1950களில் மற்ற ஸ்டுடியோக்கள் சில பழைய படங்களை மொத்தமாக விற்றுத் தள்ளின, எம்.ஜி.எம். விற்காமல் வாடகைக்கு விட்டது. வாடகை வரும் வீட்டுக்கு வெள்ளை அடிக்க மாட்டோமா? 1960களில் தொடங்கி, எரியக்கூடிய நைட்ரேட் பிலிம்களைப் பாதுகாப்பான பிலிமுக்கு மாற்றும் வேலையைப் பெரிய அளவில் செய்தார்கள். அப்படியும் தீ விடவில்லை. 'சிங்கிங் இன் தி ரெயின்' படத்தின் மூல நெகட்டிவ் 1978இல் வேறொரு காப்பகத்தில் எரிந்துபோனது. நகல் இருந்ததால் படம் பிழைத்தது.

மற்றவை பிழைக்கவில்லை. 1969இல் கிர்க் கெர்கோரியன் என்ற முதலீட்டாளர் கம்பெனியைக் கைப்பற்றினார். 1970 மே மாதம் ஸ்டுடியோவின் உடுப்புகள், நாற்காலிகள், கப்பல் மாதிரிகள் எல்லாம் ஏலம். 'ஆஸ்' படத்தில் ஜூடி போட்ட சிவப்புச் செருப்பு 15,000 டாலருக்குப் போனது. ஜூடி அதற்கு முந்தைய ஜூனில்தான் லண்டனில், 47 வயதில், இறந்திருந்தார். (அந்தச் செருப்பில் இன்னொரு ஜோடி 2024 டிசம்பரில் 2.8 கோடி டாலருக்கு ஏலம் போனது.) வெளிப்புற செட் நிலங்கள் வீட்டுமனைகள் ஆயின. இன்று கல்வர் சிட்டியில் அந்த மூல ஸ்டுடியோ சோனியிடம். 1986க்கு முந்தைய படங்கள் வார்னரிடம். சிங்கமும் பெயரும் 2022 முதல் அமேசானிடம்.

அந்த நாள்களில் நடந்த இன்னொன்று எனக்குத் தூக்கம் கெடுத்தது. இசை நூலகம். சாலிஞ்சரும் மற்றவர்களும் ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாக எழுதிய தாள்கள், இருபது முப்பது வருஷத்து உழைப்பு. இடம் அடைக்கிறது என்று லாரியில் ஏற்றிக் குப்பை மேட்டில் கொட்டி மண் போட்டுவிட்டார்கள். ஜான் வில்சன் என்ற ஆங்கில இசை நடத்துநர், மிஞ்சியிருந்த பியானோ சுருக்கங்களை வைத்துக்கொண்டு, படத்தைப் போட்டுப் போட்டுக் காதால் கேட்டு, ஒவ்வொரு வாத்தியமாகத் திரும்ப எழுதினார். 2009 ஆகஸ்டில் லண்டன் ஆல்பர்ட் ஹாலில், பி.பி.சி. பிராம்ஸ் விழாவில், முழு ஆர்கெஸ்ட்ராவோடு வாசித்தார்கள். அந்தப் பதிவை என் பேத்தி போட்டுக் காட்டினாள். மழைப் பாட்டின் முதல் சில நொடிகளிலேயே எனக்கு 1973 இரவும், சைக்கிள் டியூபும், கூடவே இன்னொன்றும் ஞாபகம் வந்துவிட்டது.

1978. நான் சி.ஏ. ஆர்ட்டிகிள்ஷிப்பில் இருந்தேன். கோடம்பாக்கத்தில் மூடிய ஸ்டுடியோ ஒன்றுக்குச் சரக்கிருப்பு எடுக்க அனுப்பினார்கள். பெயர் வேண்டாம். விளக்கு, டிராலி, மேசை எல்லாம் எண்ணி முடித்த பிறகு பின்னால் ஓர் அறை. பூட்டைத் திறந்ததும் புளித்த வாடை. துருப்பிடித்த தகர டப்பாக்கள் கூரை வரைக்கும். வாட்ச்மேன் வாசலிலேயே நின்றுகொண்டு, "தம்பி, எல்லாம் பிலிமு. தீக்குச்சி கிழிச்சிடாதப்பா, பத்திக்கும்" என்றார். கறுப்பு வெள்ளை பிலிமைக் கழுவினால் வெள்ளி வரும் என்று வாங்க ஆள் தயாராக இருந்தார்கள். கிலோ கணக்கு. நான் என் பட்டியலில் எழுதினேன்: பழைய பிலிம், உபயோகமற்றது, மதிப்பு இல்லை. அடுத்த வாரம் லாரி வந்தது என்று கேள்விப்பட்டேன்.

நம்முடைய முதல் பேசும்படம் 'காளிதாஸ்' (1931) இன்று பார்க்கக் கிடைக்காது. தென்னிந்திய மௌனப் படங்களில் மிஞ்சியது 'மார்த்தாண்ட வர்மா' ஒன்றுதான் என்கிறார்கள். அந்த அறையில் என்ன இருந்தது என்று எனக்குத் தெரியாது. டப்பாக்களின் மேல் பெயர் எழுதியிருந்தது. சிலவற்றில் நல்ல கையெழுத்து. நான் எண்ணிக்கை மட்டும் எடுத்தேன். 117.